வாசலில் நாலு நிமிடம்

நீங்கள் வானொலியில் பொய் சொன்னீர்கள். ஒரு தடவை அல்ல, இரண்டு தடவை. ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் நிகழ்ச்சியில் ஒஸ்லோத் தமிழர் எல்லோரும் கேட்க, "இப்பிடி வீடு எங்கடை ஆக்களிட்டை இல்லை" என்றீர்கள். உங்கள் வீடே அப்படித்தான். உங்கள் மனைவியும் நானும் ஒரே அலுவலகக் கட்டடத்தைத் துடைத்தவர்கள். எனக்குத் தெரியாதா?

முதல் தடவை அதைச் சொன்னது ஒரு பிரித்தானிய நகைச்சுவைத் தொடரைத் திட்டும்போது. இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் அதை இங்கே தொலைக்காட்சியில், கீழே நோர்வேஜிய மொழிபெயர்ப்பு ஓட, காட்டினார்கள். கணவன் பஸ் ஓட்டுகிறவன். மனைவிக்கு பிஸ்கட் தொழிற்சாலையில் வேலை. அவன் உள்ளே வர அவள் வெளியே போவாள். நடுவில் வாசலில் நாலு நிமிடம் சண்டை. அவ்வளவுதான் கதை. சிரிப்பே இல்லை, வெறும் கத்தல் என்று இங்கிலாந்துப் பத்திரிகைகள் எழுதின. அடுத்த வருடம் அது வரவில்லை.

நான் வயிறு நோகச் சிரித்தேன். என் கணவர் விடியப் பேக்கரிக்குப் போய்ப் பின்னேரம் வருவார். அவர் வர நான் துடைக்கப் போவேன். அந்தப் பெண் ஒரு கையால் சப்பாத்தைக் காலில் இழுத்துப் போட்டபடி மறு கையால் பிள்ளையைக் கணவனிடம் நீட்டுவாள். ஒஸ்லோவின் ஓரத்தில், குரோருட்டில், எங்கள் வாசலில் நான் தினமும் செய்தது அதைத்தான். எங்களையும் யாரோ பார்த்திருக்கிறார்கள் என்று நினைத்தேன்.

தமிழ்ப் பள்ளி ஆண்டு விழாவில் அந்த வாசலைப் பத்து நிமிட நாடகமாகப் போடக் கேட்டேன். விழாக் குழுவில் நீங்கள்தான் பெரியவர்.

"தங்கச்சி, வெள்ளைக்காரனே துப்பினதை நீர் ஏன் பொறுக்கிறீர்?"

"அண்ணை, நீங்கள் அதிலை எத்தினை பாத்தனீங்கள்?"

"பாக்கத் தேவையில்லை. பேப்பரிலை வாசிச்சனான்."

குழு சிரித்தது. நாடகத்தை வெட்டிவிட்டீர்கள்.

விழா நாளில் நடனப் பிள்ளைகள் வந்த வான் வண்டி பனியில் மாட்டிக்கொண்டது. மண்டபம் இரையத் தொடங்கியது. "ஆரெண்டாலும் ஏறுங்கோ" என்று பள்ளி அதிபர் கெஞ்சினா. நானும் கணவரும் வாசலில் மாட்டியிருந்த எங்கள் குளிர்ச்சட்டைகளை எடுத்துக்கொண்டு ஏறினோம். மகளின் சட்டையைச் சுருட்டினேன், அதுதான் பிள்ளை.

கணவர் உள்ளே வந்து, "சாப்பாடு?" என்றார்.

எனக்கு வரி மறந்துபோயிற்று. வருடக்கணக்காகச் சொன்ன பேச்சு, மேடையில் வாயில் இல்லை. இறங்கி ஓடலாம் என்று நினைத்தேன். அப்போது மூன்றாம் வரிசையிலிருந்து, பட்டுச் சேலையோடு, எழும்பாமலே உங்கள் மனைவி சொன்னா:

"சோறு அடுப்பிலை, பிள்ளை கையிலை, நான் பஸ்ஸிலை."

மண்டபம் அதிர்ந்தது. அதற்குப் பிறகு நான் நடிக்கவே தேவையில்லை. பெண்கள் இருந்த இடத்திலிருந்தே எடுத்துக் கொடுத்தார்கள்.

"சப்பாத்தைக் கழட்டுங்கோ, இப்பத்தான் துடைச்சனான்."

"குழம்பு எங்கை எண்டு கேளாதேங்கோ, மூடியைத் திறவுங்கோ."

"பாவம், அவருக்கு மூடி எதெண்டு தெரியாது."

பத்து நிமிடம் அரை மணித்தியாலமானது. அதற்குள் நடனப் பிள்ளைகளும் வந்து சேர்ந்தார்கள். நீங்கள் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தீர்கள். மேடையில் நின்று பார்த்தேன்.

அடுத்த ஞாயிறு வானொலியில் நடனத்தைப் புகழ்ந்தீர்கள். எங்களைப் பற்றி, "நேரம் போக்க ரெண்டுபேர் ஏறினவை" என்றீர்கள். பிறகு பழைய பொய்யையே திரும்பச் சொன்னீர்கள்.

அடுத்த விழாவுக்குக் குழுவே வந்து கேட்டது. இந்த முறை நடனத்துக்கு முன்னால் எங்களைப் போட்டார்கள். துரொண்ட்ஹெய்மிலிருந்தும் கூப்பிட்டார்கள், போனோம். இங்கிலாந்தில் ஒரு வருடம்கூடத் தாங்காத வாசல் எங்களிடம் நாலு வருடமாக ஓடுகிறது. உங்கள் மனைவி இப்போது கீழே இருப்பதில்லை. மேடையில் என் மாமியாராக நடிக்கிறா. என்னைவிட அவவுக்குத்தான் கைதட்டல் அதிகம்.

ஆனால் வானொலியில் சொன்னதை நீங்கள் இன்னும் திருத்தவில்லை. வரும் ஞாயிறு அதே ஒலிவாங்கியின் முன்னால் இருங்கள். மனைவியையும் பக்கத்தில் இருத்துங்கள். எல்லோரும் கேட்கச் சொல்லுங்கள்: நான் மறந்த வரி அவவுக்கு எப்படித் தெரியும்?