காரணம் எழுதிக்கொண்ட டீச்சர்

எங்கள் தேயிலைத் தோட்டத்தில் சாதி கிடையாது. யாரை வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள், இதைத்தான் சொல்வார்கள். கோயில் கமிட்டித் தலைவர் விஜேந்திரன் மேடையேறினால் இதைச் சொல்லாமல் இறங்க மாட்டார். நானும் சொல்லியிருக்கிறேன், அதுவும் பதுளை டவுனில் வெளி ஆட்கள் கேட்டபோது தலையை நிமிர்த்திக்கொண்டு சொல்லியிருக்கிறேன். அப்படியென்றால் சிறுபிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைக் காம்பராவில் நிஷாந்தினி கையால் பால் வாங்கிக் குடிக்க எங்கள் பிள்ளைகளுக்கு ஏன் ஐந்து மாதம் ஆனது என்று கேட்பீர்கள். பதில் இருக்கிறது. அந்தப் பதிலை எங்கள் வாயாலேயே சொல்ல வைத்தவள் அவள். அவளைப் பற்றித்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

என் பெயர் சுபாஜினி. பதினோராம் வகுப்பு ஓ.எல். பரீட்சை வரை படித்துவிட்டுக் கொழுந்து எடுக்கப் போனவள். பதுளையிலிருந்து ஸ்பிரிங்வெளிப் பக்கம் போகிற பஸ்ஸில் ஏறி, இறங்கி, அப்புறம் முக்கால் மணி நேரம் ஏறி நடந்தால் எங்கள் தோட்டத்து மேல் பிரிவு. என் வீடு இருக்கிற லயத்து வரிசையிலிருந்து பார்த்தால் ஓடைக்கு அந்தப் பக்கம் ஒரு லயம் தெரியும். அதுதான் பத்தாம் லயம். நிஷாந்தினி பிறந்தது அங்கேதான்.

அவளுடைய அப்பா தம்பையா. தோட்டத்தில் ஒரு சாவு விழுந்தால் முதல் ஆள் ஓடுவது அவர் வீட்டுக்கு. தப்பு மேளத்தைத் தூக்கிக்கொண்டு வந்து வாசலில் நின்று, பிணம் எடுக்கிற வரைக்கும் அடிப்பார். அவருக்குச் சாப்பாடு கடைசியில், லயத்துக்குப் பின்பக்கம். அதே மனுசன் விடிந்தால் எங்களோடுதான் பெரட்டுக்களத்தில் வந்து நிற்பார், தோட்டத்தை நடத்துகிற துரை பேர் கூப்பிடும்போது எங்களைப் போலத்தான் "ஆமாங்க" என்பார், எங்கள் ஆண்களோடு சேர்ந்துதான் மலையில் தேயிலைச் செடிக்குக் கவ்வாத்து வெட்டுவார். துரைக்கு முன்னால் நாங்கள் எல்லோரும் ஒன்று. ஒருவரை இன்னொருவர் கீழே தள்ளுவதெல்லாம் பெரட்டு கலைந்த பிறகுதான்.

நிஷாந்தினி சின்ன வயதிலேயே லேசுப்பட்டவள் இல்லை. எட்டாம் வகுப்பில் பேச்சுப் போட்டியில் முதலாவதாக வந்தாள். கோயில் கமிட்டிதான் பரிசு கொடுத்தது, ஓர் எவர்சில்வர் தட்டு. விஜேந்திரன் கை பட்டுவிடக் கூடாது என்று தட்டை உயரத்தில் பிடித்து அவள் கைக்குள் விழுகிற மாதிரி விட்டார். அவள் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டாள். தட்டு விழுந்து, படியில் உருண்டு, கணகணவென்று மைதானம் வரை போயிற்று. அவள் நகரவில்லை. கையை மறுபடி நீட்டிக்கொண்டு அப்படியே நின்றாள். கடைசியில் அவரே இறங்கிப் போய்ப் பொறுக்கிக்கொண்டு வந்து ஒழுங்காகக் கொடுக்க வேண்டியதாயிற்று. நாங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம். சிரித்தோமே தவிர, அவர் ஏன் உயரத்தில் பிடித்தார் என்று ஒருத்தரும் கேட்கவில்லை.

பள்ளிக்கூடத்துக் கடைசிப் பரீட்சை ஏ.எல். முடித்தாள். பதுளையில் தங்கிச் சிறுபிள்ளைப் பராமரிப்பு டிப்ளோமா படித்தாள். பத்தாம் லயத்திலிருந்து அப்படி ஒரு சான்றிதழோடு வந்த முதல் ஆள் அவள்தான். எங்கள் லயத்திலிருந்து இன்னும் ஒருத்தரும் போகவில்லை என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறேன். அந்தச் சமயம் பார்த்து, காம்பராவைப் பார்த்துக்கொண்டிருந்த ஆயம்மா பாக்கியலெட்சுமிக்கு வயதாகி ஓய்வு கொடுத்தார்கள். நாங்கள் கொழுந்துக்குப் போகும்போது பிள்ளைகளை விட்டுப்போகும் காம்பராவுக்கு நிஷாந்தினியை ஆறு மாத சோதனைக் காலத்துக்குப் போட்டார்கள். ஆறு மாதம் முடிந்து நல்ல பேர் இருந்தால் வேலை நிரந்தரம், இல்லையென்றால் இல்லை.

காம்பராவை அவள் ஒரே வாரத்தில் அடியோடு மாற்றினாள். சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தாள், ஒழுகிய தகரத்துக்கு நச்சரித்து ஆள் கூட்டி வந்தாள், ஒவ்வொரு பிள்ளைக்கும் பெயர் எழுதிய கோப்பை வைத்தாள். பிள்ளைகள் அவளை "டீச்சர், டீச்சர்" என்று சுற்றி வந்தார்கள். நாங்கள் எதுவும் சொல்லிக் கூப்பிடவில்லை. "ஏம்மா", "இந்தாம்மா" என்று சமாளித்தோம்.

அங்கே காலையில் பால், பகலில் சோறு. இரண்டாம் நாள் விஜேந்திரன் வீட்டு மருமகள் தன் பிள்ளையோடு ஒரு போத்தலையும் கொண்டுவந்து கொடுத்தாள். மூன்றாம் நாள் ஐந்து போத்தல். அந்த வாரக் கடைசியில் பத்தாம் லயத்துப் பிள்ளைகள் நாலு பேரைத் தவிர மற்றப் பதினெட்டுப் பிள்ளைகளுக்கும் போத்தலும் சோற்றுப் பெட்டியும் வந்தன. ஒருத்தி சொல்லி ஒருத்தி செய்யவில்லை. கூட்டம் போட்டு முடிவெடுக்கவும் இல்லை. யாரும் சொல்லாமலே எல்லோருக்கும் தெரிந்திருந்தது. அதைத்தான் இன்றைக்கு நினைத்தாலும் எனக்குப் பயமாக இருக்கிறது.

என் மகள் யதுஷாவுக்கு அப்போது மூன்று வயது. நானும் போத்தல் கட்டினேன். மாமியார் சொன்னார், புருசன் ஜெயகுமார் சொன்னார் என்று யார் தலையிலாவது போடலாம். போட மாட்டேன், கட்டியது என் கை. போத்தலில் என்ன இருந்தது தெரியுமா? பால் சேர்க்காத வெறும் தேயிலைச் சாயத்தண்ணி. பால்மா விலைக்கு வீட்டில் பாலுக்கு எங்கே போவது? காம்பராவில் நல்ல பால் காய்ச்சி வைத்திருக்க, பிள்ளைக்குச் சாயத்தண்ணியைக் கொடுத்துவிட்டு மலையேறினேன்.

அன்று போத்தலைக் கொடுத்தபோது நிஷாந்தினி முகம் சுளிக்கவில்லை. ஒரு கொப்பியை எடுத்தாள்.

"பால் குடுக்க வேணாமா அக்கா? சரிங்க. என்ன காரணம்னு சொல்லுங்க, எழுதிக்கிறேன்."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. "பாலு ஒத்துக்கல," என்றேன்.

எழுதினாள். "கையெழுத்துப் போடுங்க அக்கா."

போட்டேன். மலைக்குப் போனால் எல்லோரிடமும் அதே கதைதான். அவளும் "ஒத்துக்கல" என்றிருக்கிறாள், இவளும் "ஒத்துக்கல" என்றிருக்கிறாள். "லூசு, நெசம்னு நெனச்சு எழுதுது," என்று சிரித்தோம். தினமும் காரணம் கேட்டாள், தினமும் சொன்னோம், தினமும் கையெழுத்துப் போட்டோம். ஒரு நாளாவது கோபப்பட்டு ஏதாவது பேசியிருந்தால் எங்களுக்கு வசதியாக இருந்திருக்கும். அவள் அந்த வசதியைக் கொடுக்கவே இல்லை.

அதே மாதம் ஒரு நாள் லீவு கேட்கத் தோட்ட ஆபீசுக்குப் போனேன். உள்ளே ஆறு நாற்காலி காலியாகக் கிடந்தது. கிளாக்கர் என்னை வெளியே ஜன்னலோரம் தூறலில் நிற்க வைத்துக் கால் மணி நேரம் பேசினார். வீட்டுக்கு வந்து புருசனிடம் கத்தினேன். "நாம என்ன நாயா, உள்ள வந்து உக்காந்தா நாற்காலி தேய்ஞ்சா போயிரும்?" என்றேன். கத்திவிட்டுப் போய் மறுநாள் போத்தலைக் கழுவி வைத்தேன். இரண்டையும் சேர்த்துப் பார்க்க எனக்கு அன்று தோன்றவில்லை. தோன்றாமல் இருக்கப் பழகியிருந்தேன் என்பதுதான் சரி.

நாலாம் மாதம் விஜேந்திரன் ஆபீசுக்கு ஒரு புகார்ப் பெட்டிசம் எழுதிக்கொண்டு லயம் லயமாக வந்தார். புதிதாக வந்தவர் பிள்ளைகளைக் கவனிப்பதில்லை, பிள்ளைகள் காம்பராவில் சாப்பிடுவதே இல்லை, ஆகவே அவரைக் கீழ்ப் பிரிவுக்கு மாற்ற வேண்டும் என்று இருந்தது. "அங்க அவங்க ஆளுங்கதான் ஜாஸ்தி. அந்தப் புள்ளைக்கும் அதுதானே நல்லது," என்று அவ்வளவு அக்கறையாகச் சொன்னார். பதினெட்டு வீட்டிலும் கையெழுத்து விழுந்தது. என்னுடையதும்தான்.

ஐந்தாம் மாதம் பிள்ளைகளுக்கு நிறை பார்க்கும் நாள் வந்தது. பதுளையிலிருந்து வரும் டொக்டர் றிஸாத் ஒவ்வொரு பிள்ளையாகத் தராசில் தூக்கி வைத்துவிட்டு முகம் கறுத்துப் போனார். பதினெட்டுப் பேரில் முக்கால்வாசிப் பேருக்கு நிறை குறைந்திருந்தது. நிஷாந்தினி கொப்பியை எடுத்து அவர் முன்னால் வைத்தாள். அவர் பக்கம் பக்கமாகப் புரட்டினார். பிறகு மலைக்கு ஆள் விட்டு எங்கள் எல்லோரையும் கூப்பிட்டார். கூடையை இறக்கிவைத்துவிட்டு ஓடி வந்தோம். பெட்டிசம் போட்ட விஜேந்திரனும் வந்து நின்றார்.

டொக்டர் வெளியூர்க்காரர். நிசமாகவே பயந்துபோயிருந்தார்.

"பதினெட்டுப் புள்ளைக்கும் பால் ஒத்துக்கலைன்னு எழுதிருக்கு. எல்லாரும் கையெழுத்துப் போட்டிருக்கீங்க. இது லேசான விசயமில்ல. நாளைக்கே எல்லாப் புள்ளையையும் பதுளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு வாங்க, ரத்தம் எடுத்துப் பாக்கணும்."

ரத்தம் என்றதும் சலசலப்பு. பின்னாலிருந்து ஒருத்தி, "அப்படியெல்லாம் ஒன்னும் இல்லைங்க ஐயா, ஆயம்மா இருக்கையில நல்லாக் குடிச்சுச்சுங்க," என்று உளறிவிட்டாள்.

"அப்ப இப்ப ஏன் குடிக்கல?"

ஒருத்தி காலைப் பார்த்தாள், ஒருத்தி கூரையைப் பார்த்தாள். டொக்டர் நிஷாந்தினி பக்கம் திரும்பினார். "டீச்சர், உங்களுக்காவது தெரியுமா?"

"தெரியுங்க சேர்," என்றாள். "ஆனா அத நான் சொல்லக் கூடாது. கையெழுத்துப் போட்டவங்கதான் சொல்லணும்."

அவர் கொப்பியைப் பார்த்து ஒவ்வொரு பெயராகக் கூப்பிட ஆரம்பித்தார். விஜேந்திரன் மருமகள் அழுதாள். இரண்டாவது ஆள் "தெரியாதுங்க" என்றாள். மூன்றாவது என் பெயர்.

நிஷாந்தினி என்னைப் பார்த்தாள். கெஞ்சுகிற பார்வை இல்லை, மிரட்டுகிற பார்வையும் இல்லை. கொப்பியில் எழுதும்போது காரணத்துக்குக் காத்திருப்பாளே, அதே பார்வை.

"அவ தம்பையா மக," என்றேன். "அவ கையால குடுத்தத எங்க புள்ளைக குடிக்கக் கூடாதுன்னுதாங்க. வேற ஒன்னுமில்ல. எம் புள்ளைக்குப் பாலு நல்லா ஒத்துக்கும்."

சொன்ன பிறகுதான் அது எவ்வளவு அசிங்கமான வார்த்தை என்று என் காதுக்கே கேட்டது. ஐந்து மாதம் ஒருத்தரும் சொல்லாமல் இருந்ததால்தான் அத்தனை பேராலும் செய்ய முடிந்திருக்கிறது. டொக்டர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வைத்தார். பக்கத்தில் நின்றவள் என் விலாவில் இடித்தாள். விஜேந்திரன் பாய்ந்து வந்தார்.

"ஐயா, இவ பேச்சக் கேக்காதீங்க! எங்க தோட்டத்துல அப்படியெல்லாம் சாதி கீதி ஒன்னும் இல்லைங்க!"

நிஷாந்தினி அவரைப் பார்த்துச் சொன்னாள், "இல்லைன்னா ரொம்ப நல்லதுங்க மாமா. இன்னைக்குப் பாலு காச்சியாச்சு. ஒங்க பேரனுக்கு ஊத்தவா?"

மாமா என்ற முறையை விஜேந்திரனால் மறுக்க முடியவில்லை, சாதி இல்லை என்று சொன்னதை விழுங்கவும் முடியவில்லை. கடைசியில், "ஊத்து... ஊத்துங்க டீச்சர்," என்றார். தோட்டத்துப் பெரியவர்களில் ஒருவர் அவளை டீச்சர் என்று முதல் தடவை கூப்பிட்டது அன்றைக்குத்தான். பேரன் ஒரே மூச்சில் குடித்துவிட்டு இன்னும் வேண்டும் என்று கோப்பையை நீட்டினான். டொக்டரும் தனக்கு ஒரு கோப்பை கேட்டு வாங்கிக் குடித்தார். யதுஷா இரண்டு கோப்பை குடித்தாள். நான் சுவர்ப் பக்கம் திரும்பி அழுதேன்.

எல்லோரும் அன்றே திருந்திவிட்டோம் என்று எழுதினால் பச்சைப் பொய். பதினொரு பிள்ளைகள் அன்று குடித்தார்கள். ஏழு பேரைத் தாய்மார் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார்கள். எங்கள் லயத்தில் இரண்டு வாரம் என்னோடு ஒருத்தரும் பேசவில்லை. பெட்டிசம் மட்டும் ஆபீஸ் மேசையிலிருந்து நகரவே இல்லை, யாரும் அதைக் கையிலெடுக்கவில்லை.

ஒரு நாள் பிள்ளையை எடுக்கப் போனபோது அவளிடம் கேட்டேன். "நீங்களே அன்னைக்கே டொக்டர்கிட்ட சொல்லிருக்கலாமே டீச்சர். ஏன் எங்க வாயால சொல்ல வச்சீங்க?"

கோப்பைகளைக் கழுவிக்கொண்டே சொன்னாள், "நான் சொன்னா எம் பொறப்புல ஏதோ கொறைன்னு ஆயிரும் அக்கா. நீங்க சொன்னாத்தான் அது ஒங்க கொறை."

எனக்கு அவளைவிட ஆறு வயது கூட. அந்த இடத்தில் அவள் காலில் விழவேண்டும் போலிருந்தது. விழுந்திருந்தால் திட்டியிருப்பாள்.

ஆறு மாதம் முடிந்தது. துரையே காம்பராவுக்கு வந்தார். நான் யதுஷாவுக்குச் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தேன். வேலை நிரந்தரம் என்று கடிதத்தைக் கையில் கொடுத்தார். அப்புறம் சொன்னார், கீழ்ப் பிரிவில் புதுக் கட்டடம் கட்டியிருக்கிறோம், குழாய்த் தண்ணி, மின்சார அடுப்பு எல்லாம் இருக்கிறது, அங்கே உங்களோடு ஒருத்தரும் மல்லுக்கட்ட மாட்டார்கள், விரும்பினால் நாளைக்கே மாற்றித் தருகிறேன் என்று. இந்த முறை அது தண்டனை இல்லை, நிசமான நல்ல இடம். போய்விடுவாள் என்றே நினைத்தேன். போனால் யார் குறை சொல்ல முடியும்?

நிஷாந்தினி கடிதத்தை மடித்துக் கைப்பைக்குள் வைத்தாள்.

"வேணாங்க சேர். இங்க இன்னும் மூனு புள்ளைங்க சாப்பிடலைங்க."

எங்கள் தோட்டத்தில் பிறந்தவள் அப்படிச் சொன்னாள் என்று எங்கே போனாலும் நான் மார்தட்டிக்கொள்வேன். ஆனால் அந்த மூன்று பிள்ளைகளில் ஒன்று என் நாத்தனாருடைய மகன். நாத்தனார் வீட்டுக்குப் போய் இன்னும் நான் வாய் திறக்கவில்லை.