இடது மூலையில் ஒரு போட்டு

திருவொற்றியூர் பஸ் ஸ்டாண்டில் போன வாரம் இந்தப் பத்தியைப் படிக்கும் ஒரு வாசகி என்னைப் பிடித்துக்கொண்டார். "சார், தீ, வெள்ளம், விபத்து... ஊரே அழுததையெல்லாம் கம்ப்யூட்டர்ல செஞ்சு காட்டுறீங்களே, கூசலையா?"

கூசவில்லை. பத்து வருடமாக சினிமாவுக்கு கிராபிக்ஸ் செய்கிறேன். இந்த மாதிரி காட்சி என்றால் முதலில் என்னைத்தான் கூப்பிடுகிறார்கள். எனக்கு அது நன்றாக வரும் — இதில் என்ன பொய் அடக்கம்?

ஆனால், ஒரு தடவை சறுக்கினேன்.

சுனாமி வரும் படம். கரையில் நிற்கும் ஐம்பது போட்டுகளை அலை புரட்டிப் போட வேண்டும். மாதிரிக்கு எங்கே போவது? ராயபுரத்தில் என் பக்கத்து வீட்டுக்காரர் சேவியர் அண்ணன், கடலுக்குப் போகிறவர். அவருடைய பைபர் போட்டை நாலு பக்கமும் போட்டோ எடுத்தேன். "சோக்கா எடு நைனா" என்று அவரே அதைக் கழுவிவிட்டார். அப்படியே கம்ப்யூட்டரில் ஏற்றி, முன்வரிசையில் நிறுத்தி, முதல் ஆளாகக் கவிழ்த்தேன்.

பெருமை தாங்கவில்லை. வீட்டுக்குக் கூப்பிட்டுக் காட்டினேன்.

அண்ணன் திரைக்குக் கிட்டே போய்க் குனிந்து பார்த்தார். அவர் மனைவி சிலுவை போட்டுக்கொண்டார்.

"இன்னா நைனா... எம் போட்ட கவுத்துட்டியே? காலீல அதுலதானே கடலுக்குப் போவணும்?" என்றார் அண்ணன்.

"போட்டுல எழுதியிருக்கிற பேரை அழிச்சிடறேன்ணே. யாருக்கும் தெரியாது."

"பேரு கெடக்குது வுடு. மூக்குல பச்சையா ஒரு ஒட்டு கீது பாரு... அது எந்தம்பி போட்டது."

தம்பி அந்தோணி. சுனாமி அன்று கரையில் வலை பிரித்துக்கொண்டிருந்தவன். போட்டு தப்பியது, அவன் கிடைக்கவில்லை. எனக்குத் தெரியாதா? அவனுக்காக வைத்த பூசைக்கே போயிருந்தேன். தெரிந்தும், அந்த ஒட்டு தத்ரூபமாக வந்திருக்கிறதா என்று மட்டும்தான் பார்த்திருக்கிறேன். அன்றைக்குக் கூசியது, அம்மா. நன்றாகவே கூசியது.

"அப்போ ஒட்டையும் எடுத்துடவாண்ணே?"

"எடுக்காத. நிக்க வை."

மறுநாள் டைரக்டரிடம் போனேன். காட்சியை ஒப்படைக்க மூன்றே நாள் இருந்தது. அவர் தலையில் கைவைத்தார். "அம்பதும் கவுந்தாதான்யா எஃபெக்ட். ஒண்ணு மட்டும் எப்படி நிக்கும்? லாஜிக் இடிக்குதே!"

"நின்னுச்சு சார். நான் அந்த ஊர்க்காரன், என் கண்ணால பார்த்தேன்."

அவர் கையை அசைத்து ஒத்துக்கொண்டார். காட்சியை மாற்றினேன். எல்லாம் புரளும், இடது மூலையில் பச்சை ஒட்டு போட்ட ஒன்று மட்டும் ஆடி ஆடி நிற்கும். அதிலிருந்து, யாருடைய பொருளைத் திரையில் உடைப்பதாக இருந்தாலும் முதலில் அவர் வீட்டுக் கதவைத் தட்டிக் கேட்டுவிடுகிறேன்.

படம் வந்தது. எங்கள் பக்கத்துத் தியேட்டரில் மொத்தக் கூட்டமும் அலையைப் பார்த்து வாயடைத்து உட்கார்ந்திருந்தது. ஒரே ஒருவர் மட்டும் இடது மூலையைப் பார்த்து விசிலடித்தார்.