லூமிரியின் குரலுக்குப் பிள்ளை இல்லை

லூமிரி ஒரு ஜப்பானியக் கார்ட்டூன் பெண். வயது பதினாறு, நீலக் கூந்தல், நட்சத்திரங்களைப் பாடித் தூங்க வைப்பது அவள் வேலை. தமிழில் அவள் பேசியதும் பாடியதும் பாப்பிரெட்டிப்பட்டி சுசித்ராவின் குரலில். அந்தக் குரலைக் கேட்டுக்கொண்டே சோறு தின்ற பிள்ளைகள் ஊருக்கு ஊர் உண்டு. குரலுக்குரியவள் யார் என்று கேட்டால் ஒரு பிள்ளைக்கும் தெரியாது. படம் முடிந்து ஓடுகிற பெயர்களில் அவள் பெயர் வந்ததே இல்லை.

சுசித்ராவை ஏரியூரில் கட்டிக்கொடுத்தார்கள். பெண் குழந்தை பிறந்த கொஞ்ச நாளில் புருஷன் ஓசூருக்கு வேலைக்குப் போனான். அங்கேயே இன்னொரு குடும்பம் வைத்துக்கொண்டான். அவனை ஊரில் எவரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேள்விகளெல்லாம் இவளுக்குத்தான் வந்தன. கைக்குழந்தை காவியாவோடு பாப்பிரெட்டிப்பட்டிக்குத் திரும்பினாள். பெற்றோர் இல்லாத அந்த வீட்டைத் தாங்கியவள் மூத்தவள் பாஞ்சாலி. தம்பிகள் சிவக்குமாரும் குருவும் அப்போது படித்துக்கொண்டிருந்தார்கள். குழந்தையை அக்காவிடம் விட்டுவிட்டு, பொம்மிடியில் ரயிலேறி, சென்னையில் ஒரு கஸ்டமர் கேர் கம்பெனியில் சேர்ந்தாள் சுசித்ரா. போனில் திட்டுகிறவர்களிடம் குழையாமலும் கோபப்படாமலும் பேசிய அந்தக் குரலைக் கேட்டுத்தான் ஒருமுறை புகார் சொல்லக் கூப்பிட்ட டப்பிங் ஸ்டூடியோ மேனேஜர் பிரபாகர் அவளை அழைத்துக்கொண்டார்.

டப்பிங் என்பது தனியாக நின்று செய்கிற வேலை. கண்ணாடிக்குப் பின்னால் ஒரு சின்ன அறை, மைக், திரை, காதில் ஹெட்போன். லூமிரி தோழிகளோடு கும்மாளம் போடும் காட்சியிலும் சுசித்ரா தனியாகத்தான் சிரிக்க வேண்டும். தோழிகளின் குரல்கள் வேறு நாளில் பதிவாகும். கூட இருந்தது ஒரே ஒருத்தி. ஹெட்போனின் ஒரு காதில் ஜப்பானிய மூலக்குரல் ஓடும். அதைப் பேசியவள் அயானே என்ற நடிகை. அயானே மூச்சிழுக்கும் இடத்தில் இவளும் மூச்சிழுத்தாள், அவள் விம்மும் இடத்தில் இவளும் விம்மினாள். அவளுக்கு ஜலதோஷம் பிடித்தால்கூட இவளுக்குத் தெரிந்தது. மொழி தெரியாத, முகம் பார்க்காத அந்தப் பெண்ணைவிட நெருக்கமானவர் சென்னையில் அவளுக்கு யாருமில்லை.

ஒருநாள் ஹெட்போனை மாட்டியபோது காதில் வேறு குரல் வந்தது. மெல்லிய, சின்ன வயதுக் குரல்.

"சார், அயானே எங்கங்க?"

"தூக்கிட்டாங்கம்மா. புதுப் பொண்ணு இது. இதுக்கு மேட்ச் பண்ணிக்கோ, இன்னும் கொஞ்சம் மெலிசா."

அன்று ஹாஸ்டல் அறைக்குப் போய் செல்போனில் தேடிப் படித்தாள். அங்கே கார்ட்டூனுக்குக் குரல் கொடுக்கும் பெண்கள் மேடையேறிப் பாடவும் ஆடவும் வேண்டும். ரசிகர்கள் வண்ண விளக்குக் குச்சிகளை ஆட்டுவார்கள். அந்தப் பெண்கள் யாரையும் காதலிக்கக் கூடாது என்பது பெரும்பாலும் எழுதப்படாத விதி. அயானேவுக்கு ரகசியமாகக் கல்யாணமாகி ஒரு குழந்தையும் இருந்தது வெளியே தெரிந்துவிட்டது. ரசிகர்கள் அவள் பாட்டுத் தட்டுகளை உடைத்துப் படம் போட்டார்கள். அவள் தலை குனிந்து மன்னிப்புக் கேட்கும் வீடியோவும் இருந்தது.

எதற்கு மன்னிப்பு? பிள்ளை பெற்றதற்கு. ராக்கெட்டும் ரோபோவும் செய்கிற நாட்டில், ஒரு பெண்ணின் தொண்டையை வாடகைக்கு எடுத்தவர்கள் அவள் கர்ப்பப்பைக்கும் சேர்த்துப் பூட்டுப் போடுகிறார்கள். நாம் சிரித்துக்கொள்ள வேண்டியதில்லை. நாம் அதற்குக் கற்பு என்று பெயர் வைத்துப் பாடமாகவே படித்தோம்.

பூட்டு இங்கேயும் வந்தது. அங்கே நடப்பது போலவே தமிழ்க் குரல்காரிகளையும் மேடையேற்றப் போவதாகப் பிரபாகர் சொன்னார்.

"சேலத்துல முதல் ஷோ. உன் பேரு போஸ்டர்ல வரும். சம்பளமும் வேற. ஆனா கல்யாணமாகாத பொண்ணுங்கதான் வேணும்ங்கறாங்க. உனக்குத்தான் அந்தப் பிரச்சினை இல்லையே?"

அவள் ஹெட்போனை எடுத்து மாட்டிக்கொண்டாள். கஸ்டமர் கேரில் பேரை மாற்றிச் சொல்லி வேலை பார்த்தவள். ஸ்டூடியோவிலும் வீட்டுக் கதையை யாரிடமும் சொன்னதில்லை. காவியாவைச் சென்னைக்குக் கூட்டிவந்து தன்னோடு வைத்துக்கொள்ள வேண்டும், அவளுக்கு வேண்டியது அது ஒன்றுதான். ஹாஸ்டல் கட்டிலில் குழந்தையை வைத்துக்கொள்ள முடியாது. இந்தச் சம்பளம் வந்தால் முடியும். பிள்ளையைச் சேர்த்துக்கொள்ள, பிள்ளை இல்லை என்று சொல்ல வேண்டும்.

பொய்யை அவள் வாயால் சொல்லக்கூடத் தேவைப்படவில்லை. கோடை விடுமுறைக்குச் சிவக்குமார் காவியாவை ஸ்டூடியோவுக்கு அழைத்து வந்தான். நம் பக்கத்துக் கூட்டுக் குடும்பங்களில் நடப்பதுதான்: வீட்டில் பெரியவர்கள் எப்படிக் கூப்பிடுகிறார்களோ அப்படியே பிள்ளையும் கூப்பிடும். மாமன்கள் இரண்டு பேரும் பாஞ்சாலியைப் பெரியக்கா என்றார்கள், சுசித்ராவை அக்கா என்றார்கள். காவியாவுக்கும் அவர்கள் பெரியக்கா, அக்கா.

"அக்கா, ஒண்ணுக்கு வருது."

பிரபாகர் திரும்பிப் பார்த்தார். "தங்கச்சியா? மூக்கு அப்படியே உன்னுதுதான்."

சிவக்குமார் அக்காவைப் பார்த்தான். அக்கா குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு பாத்ரூம் பக்கம் நடந்தாள்.

பொம்மிடி ரயில் ஏறும்போது சிவக்குமார் கேட்டான். "என்னாக்கா இது? பெத்த புள்ளைய அந்தாளு தங்கச்சிங்கறான், நீ பேசாம நிக்கற?"

"கொஞ்ச நாளுக்குத்தான்டா."

"பெரியக்காவுக்குத் தெரிஞ்சா உன்ன வூட்டுப் படி ஏற வுடாது."

தெரிந்தபோது பாஞ்சாலி கத்தவில்லை. "அங்க போயி வாயத் தொறக்காதடி கண்ணு" என்று காவியாவிடம் சொல்லி, சேலத்து ஷோவுக்குத் தானே அழைத்துவந்தாள்.

மண்டபம் நிறையப் பிள்ளைகளும் தாய்மாரும். முன்வரிசையில் மட்டும் மீசை முளைத்த இளைஞர்கள், கையில் நீல விளக்குக் குச்சிகளோடு. முதல் பாட்டு முடிந்ததும் தொகுப்பாளர், பிரபாகர் சொல்லிவைத்தபடி, "லூமிரியோட குட்டித் தங்கச்சி இங்க வந்திருக்காங்க!" என்றார். பாஞ்சாலி தடுப்பதற்குள் காவியா மேடையில் நின்றாள்.

"அக்கா வீட்ல பாடுவாங்களா?"

"வூட்டுக்கே வர மாட்டாங்க."

சிரிப்பு.

"சரி, அக்காகிட்ட உனக்கு என்ன ரொம்பப் பிடிக்கும்?"

காவியா யோசித்தாள். "வயிறு."

"வயிறா?"

"அதுல கோடு கோடா இருக்கும். உள்ள இருந்தப்போ நான் ஒதச்சதுன்னு பெரியக்கா சொன்னாங்க."

சுசித்ராவின் காதில் மாட்டியிருந்த கருவியில் பிரபாகரின் குரல் கேட்டது. "ஜோக்குன்னு சொல்லிச் சிரிச்சிடு சுசி. சிரி."

அடுத்தவர் சொல்லக் கேட்டுச் சிரிப்பதுதான் அவள் தொழில். அன்று சிரிப்பு வரவில்லை. கருவியைக் கழற்றினாள்.

"இவ என் பொண்ணு. நான் பெத்த பொண்ணு" என்றாள். லூமிரியின் குரலில் அல்ல, பாப்பிரெட்டிப்பட்டிக் குரலில்.

பின்வரிசையிலிருந்து ஓர் அம்மாள் எழுந்து, "அதுக்கென்ன கண்ணு, நீ பாடு! புள்ளைங்க உக்காந்திருக்குதுங்க" என்றாள். கைதட்டல் எழுந்தது. முன்வரிசையில் சில விளக்குகள் அணைந்தன.

சுசித்ரா பாடி முடித்தாள்.

மறுநாள் முதல் செல்போனில் வசை. ஏமாற்றுக்காரி, கிழவி, இன்னும் அச்சிலேற்றக் கூடாத வார்த்தைகள். எழுதியவர்களில் ஒருவனையும் அவளுக்குத் தெரியாது. பிரபாகர் அழைத்தார்.

"எனக்கு ஒண்ணுமில்லம்மா. கம்பெனிதான் வேணாம்னு..."

"கம்பெனின்னா யாருங்க சார்? பேரச் சொல்லுங்க, நான் பேசிக்கறேன்."

அப்புறம் பேசுவதாகச் சொல்லிப் போனை வைத்துவிட்டார். இந்த நாட்டில் அநியாயம் செய்கிறவர்களுக்கு எப்போதும் பெயர் கிடையாது.

சுசித்ரா ஊருக்கு வந்துவிட்டாள். காவியாவோடு இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டாள்; இருக்கிறாள். ஆனால் காவியா இரவில் பாஞ்சாலி பக்கத்தில்தான் படுக்கிறாள். சடை பின்னவும் அங்கேதான் போகிறாள். அதட்டி வாங்குகிற உறவா அது? சுசித்ரா காத்திருக்கிறாள். பகலில் பின்கட்டு அறைக் கதவைச் சாத்தி, வெளிச் சத்தம் வராதபடி போர்வையை ஜன்னலில் தொங்கவிட்டு, செல்போனில் விளம்பரம் பதிகிறாள். அரூர் வரைக்கும் தெருவில் போகிற வெங்காய வண்டிகளிலும் பழைய இரும்பு எடுக்கிற ஆட்டோக்களிலும் கூவுவது அவள்தான். ஜனங்கள் பேரம் பேசுகிறார்கள், வாங்கிப் போகிறார்கள். வண்டிக்காரர்கள் கூப்பிட்டுப் பேசுவது அடுத்த பதிவு வேண்டும்போது மட்டும்.

லூமிரி இன்னும் வருகிறாள், வேறொரு தமிழ்ப் பெண்ணின் குரலில். ஒரு மாலை காவியா டிவி முன்னால் உட்கார்ந்திருந்தாள்.

"இது நீ இல்ல" என்றாள் திரும்பாமல்.

"இல்ல கண்ணு."

"நல்லாத்தான் பேசுறா."

"ஆமா, நல்லாப் பேசுறா."

திரையில் லூமிரி சிரித்தாள். அந்தச் சிரிப்புக்கு முன்னால் மூச்சு அரை நொடி அடைத்துத் திறந்தது. மற்றவர் காதில் விழாது. சுசித்ராவின் காதில் விழுந்தது. அந்தப் பெண்ணுக்கு என்ன வயது, எந்த ஊர், வீட்டில் யார் யார், அவர்களில் யாரை இல்லையென்று சொல்லச் சொல்லியிருக்கிறார்கள்? கேட்க நம்பர் இல்லை. படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் கிட்டப் போய் நின்று பார்த்தாள். ஜப்பானியர் பெயர்கள் வந்தன, கம்பெனி பெயர் வந்தது. அந்தப் பெண்ணின் பெயர் வரவில்லை.