மாலை போடாத போட்டோ

சீரியலில் அப்பா வேஷம் போடுகிறவனிடம் கம்பெனியிலிருந்து "நேரா பாக்குற மாதிரி ஒரு போட்டோ அனுப்புங்க" என்று கேட்டால், மாலை வாங்க ஆள் போய்விட்டது என்று அர்த்தம். மாலையோடு சுவரில் ஏறிவிட்டால் பிறகு நம்மை ஷூட்டிங்குக்குக் கூப்பிட மாட்டார்கள், போட்டோவே நடித்துக்கொள்ளும். மேனேஜர் திடீரென்று அன்பாகக் குசலம் விசாரித்தாலே வேலை போச்சு என்று நினைக்கிறவரா நீங்கள்? அப்படியானால் என் அவஸ்தை உங்களுக்குப் புரியும்.

ரயிலில் மல்லாட்டை

சீரியலில் என் மனைவியாக நடிக்கும் தனலட்சுமி ஷூட்டிங்குக்குப் போக விழுப்புரத்தில் ரயில் ஏறுவார். பக்கத்து சீட்டில் கைப்பையை வைத்து, திண்டிவனத்தில் ஏறும் எனக்கு இடம் பிடித்துக்கொண்டு வருவார். கான்ஸ்டபிள், கணக்குப்பிள்ளை, தாலி கட்டும் நேரத்தில் "நிறுத்துங்க!" என்று கத்துகிற ஆள் என்று ஒருநாள் வேஷங்களிலேயே காலத்தை ஓட்டியவன் நான். மாதக்கணக்கில் நிலைத்தது இந்த அப்பா வேஷம் ஒன்றுதான். காதலித்த மகளை அறையில் பூட்டி வைக்கிற அப்பா.

ஒருநாள் ரயிலில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, விற்கிற அம்மா என்னைப் பார்த்ததும் கூடையை இறக்கினார். நான் நீட்டிய காசைக் கண்டுகொள்ளவே இல்லை. ஒரு பொட்டலத்தைத் தனத்தின் மடியில் வைத்துவிட்டு, என்னை முறைத்தபடி அவரிடம் சொன்னார்: "இது உன் பொண்ணுக்கும்மா. சோறு போடாம பூட்டி வச்சிக்கினு இருக்கானே இந்தாளு, இவன் கண்ணுல காட்டாம குடு."

கூலிங் கிளாஸ்

கதையில் மகள் ஓடிப்போனாள். எனக்கு நெஞ்சுவலி வந்தது. ஐசியூ வாசலில் "தொடரும்" போட்டார்கள். அதோடு சரி, எனக்கு அழைப்பே இல்லை. வீட்டில் உட்கார முடியவில்லை. செல்போனைக் கையில் பிடித்துக்கொண்டு வீட்டுக்கும் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டுக்கும் நடையாய் நடந்தேன். மணி அடித்தால் பயம், அடிக்காவிட்டால் அதைவிடப் பயம்.

கடைசியில் இணை இயக்குநர் கூப்பிட்டார். என்னிடமும் தனத்திடமும் நேராகப் பார்க்கிற போட்டோ வேண்டுமாம். "அம்மா, அப்பா ரெண்டு பேர்ல ஒருத்தர் போகணும்ணே. யாருன்னு சேனல்ல இன்னும் முடிவு பண்ணல" என்றார். மாலை போட முடியாத படமாகத் தேடினேன். கிளியனூர் கல்யாணப் பந்தியில் வாய் நிறையச் சோற்றோடு குனிந்திருந்த படத்தை அனுப்பினேன். வேறு கேட்டார். பாண்டிச்சேரி பீச்சில் கடலைப் பார்த்து நின்றதை அனுப்பினேன். அதையும் தள்ளிவிட்டு மறுபடி கேட்டார். மச்சான் பைக்கில் உட்கார்ந்து எடுத்துக்கொண்டதை அனுப்பினேன். மனிதர் போனிலேயே அழாத குறை: "அண்ணே, செத்தவரு எவராச்சும் கூலிங் கிளாஸ் மாட்டிக்கினு செவுத்துல தொங்குவாரா?"

எந்தப் பக்கம்?

சாப்பாடு தூக்கம் இல்லாமல் சுற்றியதில் நிஜமாகவே நெஞ்சைப் பிசைந்தது. வீட்டுக்காரி முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். எனக்கு நெஞ்சைப் பற்றிக்கூட அவ்வளவு கவலையில்லை. விஷயம் கம்பெனிக்குத் தெரிந்தால் இதையே சாக்காக வைத்து ஆளை முடித்துவிடுவார்களே! துண்டால் முகத்தை மூடிக்கொண்டு வரிசையில் நின்றேன்.

இசிஜி எடுக்கப் படுத்ததும் நர்ஸ் துண்டை எடுக்கச் சொன்னார். என் முகத்தைப் பார்த்தார். இடது மார்பைப் பிடித்திருந்த என் கையைப் பார்த்தார். வந்தது வெறும் வாயுதான் என்று பிறகு டாக்டர் சொன்னார். ஆனால் அதற்கு முன்பே அந்த நர்ஸ் கேட்டுவிட்டார்: "சீரியல்ல வலது பக்கம் புடிச்சிக்கினு விழுந்தீங்க, இங்க வந்து இடது பக்கம் புடிக்கிறீங்க. டாக்டர் கேட்டா நான் எதச் சொல்றது சார்?"

ஹால் சுவர்

ஒருவழியாக ஷூட்டிங்குக்கு அழைப்பு வந்தது. பிழைத்தோம் என்று துள்ளிக்கொண்டு ரயில் ஏறினேன். பெட்டி பெட்டியாகத் தேடியும் தனத்தைக் காணோம். இடம் பிடிக்க ஆளில்லாமல் தாம்பரம் வரை நின்றுகொண்டே போனேன்.

செட்டுக்குள் நுழைந்தேன். ஹால் சுவரில் தனம், சந்தன மாலையோடு, என்னை நேராகப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார். கேட்ட அன்றைக்கே பவுடர் போட்டு, பூ வைத்து, விழுப்புரத்தில் ஸ்டூடியோவுக்குப் போய் எடுத்து அனுப்பியிருக்கிறார். எங்கள் இருவரில் மாலை போடுகிற மாதிரி படம் இருந்தது அவருக்குத்தான். புருஷன் ஐசியூவில் கிடப்பதைத் தாங்காமல் மனைவி போய்ச் சேர்ந்துவிட்டாள் என்று கதையைத் திருப்பிவிட்டார்கள். படத்துக்கு முன்னால் நின்று பேச எனக்குப் பக்கம் பக்கமாக வசனம். என் வாழ்நாளில் அப்படி ஒரு காட்சி கிடைத்ததில்லை. சந்தோஷமாகத்தான் இருந்தது. சந்தோஷப்படுகிறோமே என்று உடம்பும் கூசியது.

வெளியே வந்து அவருக்குப் போன் போட்டேன். "இன்னாண்ணா, என்னை மாட்டிட்டாங்களா?" என்று அவரே கேட்டார். "ம்" என்றேன். பிறகு சொன்னார்: "வுடுங்கண்ணா. போட்டோ முன்னால நல்லா அழுங்க. நீங்க அழற வரிக்கும்தான் கேமராவ என் பக்கம் திருப்புவானுங்க."

கிளிசரின் கேட்காமலே அழுது தீர்த்தேன். ஆனாலும் இன்றைக்கும் எதிரில் யாராவது செல்போனைத் தூக்கினால் என் முகம் தானாகப் பக்கவாட்டில் திரும்பிக்கொள்கிறது.