குணம் அண்ணைக்கு உப்புப் பார்த்தவன்

குணம் அண்ணையின் மகள் வதனி எனக்கு ரெலிபோன் எடுத்தபோது நான் ஒரு காலுக்குச் சப்பாத்துப் போட்டிருந்தேன். "மாமா, அப்பா முடிஞ்சுபோனார்" என்றாள். "எத்தினை மணிக்கு?" என்று கேட்டேன். "பத்தே காலுக்கு." "ஓம் பிள்ளை" என்றேன். மற்றச் சப்பாத்தையும் போட்டுக்கொண்டு கடைக்குப் போய்ப் பால் வாங்கி வந்தேன். அன்று பின்னேரம் அவரிடம் வாசிக்கக் கொடுப்பதற்கென்று ஒரு கடிதத்தை மேசையில் எடுத்து வைத்திருந்தேன். எனக்கு எழுத்து வராது. இருபது வருடமாக எனக்கு வந்த கடிதமெல்லாம் அவர் வாசித்துச் சொன்னவைதான். அந்தக் கடிதம் இன்னும் உடைக்கப்படாமல் கிடக்கிறது.

இது அவருடைய நினைவாக அச்சடிக்கும் முப்பத்தோராம் நாள் மலருக்காக நான் சொல்ல, என் மருமகள் எழுதுவது. செத்தவீட்டன்று இரண்டு பேர் வாசலில் நின்று கதைத்தது என் காதில் விழுந்தது.

"நல்ல மனிசன். ஆனா கடைசியில கை போயிட்டுதல்லோ. மகளின்ர கலியாணத்திலயே தெரிஞ்சுது."

"ஐயோ, அந்தச் சாம்பார்! நான் மூண்டு போத்தல் தண்ணி குடிச்சனான்."

சிரித்தார்கள். அவர் அங்கே உள்ளே பெட்டியில் கிடந்தார். அப்போது சொல்லியிருக்க வேண்டியதை இப்போது சொல்கிறேன். அவரை அறிந்தவர்கள் தயவுசெய்து முழுக்க வாசியுங்கள்.

நாங்கள் பழகியது ஜெர்மனியில் பான் நகரத்து உணவகம் ஒன்றின் நிலவறைச் சமையலறையில். நான் கோப்பை கழுவினேன். அவர் அடுப்பில் நின்றார். என்னை வல்லி என்று கூப்பிடுவார். எந்தச் சட்டியானாலும் ஒரு துளியை உள்ளங்கையில் விட்டு நக்கிப் பார்ப்பார். ஒருநாள் இறைச்சிக் குழம்பை அப்படிப் பார்த்துவிட்டு, "இது நேற்று வெட்டின வெங்காயம்" என்றார். வெட்டிய ஜெர்மன் பையன் இல்லவே இல்லை என்று சத்தியம் பண்ணினான். பிறகு குளிர்பெட்டிக்குள் மிச்ச வெங்காயம் நேற்றைய திகதி ஒட்டியபடி இருந்தது. முதலாளியே அன்றிலிருந்து கரண்டியோடு அண்ணையிடம்தான் வருவார். பக்கத்தில் நின்று யாராவது அலட்டினால் அண்ணை சொல்லுவார்: "சட்டிக்கு முன்னால நிண்டு கதைக்காதையும். அது சொல்லுறது எனக்குக் கேக்குதில்லை."

பிறகு அவருக்குத் தொண்டையில் கட்டி வந்தது. ஆஸ்பத்திரியில் கதிர்வீச்சு வைத்தார்கள். உணவக வேலையை விட்டார். ஆனால் நம்மவர் வீட்டு விசேசங்களுக்குச் சமைப்பதை விடவில்லை. உள்ளங்கையில் விட்டுப் பார்ப்பது மட்டும் நின்றுபோனது. கேட்டால், "சுவாமிக்குப் படைக்கிற சாப்பாடு, நாங்கள் முதல் ருசி பாக்கக் கூடாது" என்பார். கோயில் மடைப் படையலுக்கு அது வழக்கம்தான். ஆனால் அவர் எல்லாச் சட்டிக்கும் அதையே சொன்னார்.

"பிறந்தநாள் கொத்துரொட்டியை எந்தச் சுவாமிக்கு அண்ணை படைக்கிறியள்?" என்று கேட்டேன்.

"உமக்குத்தான். நீர்தானே முதல் ஆளாய்த் தட்டத்தோட வந்து நிக்கிறனீர்."

எல்லோரும் சிரித்தோம். மனிதருக்குப் பக்தி முற்றிவிட்டது என்று நினைத்தோம்.

வதனி ஒரு பயண முகவர் நிலையத்தில் வேலை செய்தாள். யூரோ வந்த அடுத்த வருடம், இலையுதிர் காலத்தில் அவளுக்குக் கலியாணம் என்று முடிவான பிறகு, அப்பாவை எங்காவது கூட்டிப்போக விரும்பினாள். வேலையிடத்தில் மெக்சிக்கோவுக்கு மலிவாக ரிக்கற் கிடைத்தது. அக்காவுக்கு, அண்ணையின் மனைவிக்கு, முழங்கால் வருத்தம். "அம்மாவின்ர இடத்தில நீங்கள் வாங்கோ மாமா" என்றாள். போனேன்.

கரையிலிருந்து வள்ளத்தில் போகும் ஒரு சின்னத் தீவு. பெயருக்குப் பெண்கள் தீவு என்று அர்த்தமாம். "பெண்டுகள் தீவாம் அண்ணை. அக்காவுக்குச் சொல்லிப்போட்டே வந்தனீங்கள்?" என்றேன். "அஞ்சு பொம்பிளைப் பிள்ளையள் இருந்த வீட்டுக்கு மாப்பிள்ளையாப் போனவன் நான். எனக்கு இந்தத் தீவு புதிசோ?" என்றார்.

அங்கே நடந்து நடந்து ஊர்ச் சாப்பாட்டைக் காட்டும் சுற்று ஒன்றில் வதனி எங்களைச் சேர்த்திருந்தாள். கூட்டிப்போனவள் லூப்பே என்ற தீவுக்காரி. ஜெர்மனியில் கேள்ன் நகரத்தில் சில வருடம் இருந்தவள், ஜெர்மன் நன்றாகக் கதைப்பாள். எங்களோடு ஐந்து ஜெர்மன்காரர். முதலில் சந்தைக்குள் ஒரு பெண் சோளமாவை உள்ளங்கையில் தட்டி எண்ணெயில் போட்டுப் பொங்கவைத்தாள். அண்ணை சாப்பாட்டைப் பார்க்கவில்லை, அவளுடைய கையையே பார்த்தார். "பாரும், உப்பை அளக்கிறாளில்லை. எங்கட ஆள்" என்றார். அதோடு பச்சையாக ஒரு சம்பல் வந்தது. கவனம் என்று லூப்பே சொன்னாள். யாழ்ப்பாணத்தானுக்கு உறைப்புக் காட்டுகிறாள் என்று நான் ஒரு கரண்டி நிறைய அள்ளிப் போட்டேன். பிறகு கொஞ்ச நேரம் எனக்கு ஒரு காதும் கேட்கவில்லை. ஜெர்மன்காரர் ஒருவர் என் முதுகைத் தடவிக்கொண்டு நின்றார்.

அடுத்தது ஒரு வீட்டு முற்றம். செவ்வரத்தை இனத்துப் பூவைக் காயவைத்து அவித்த சிவப்புத் தண்ணீர் இரண்டு சாடிகளில் இருந்தது. வதனி தன் அப்பா பெரிய சமையற்காரர் என்று ஏற்கெனவே சொல்லி வைத்திருந்தாள். அண்ணை ஒரு சாடியிலிருந்து வார்த்துக் குடித்ததும், எப்படி என்று லூப்பே அவரைத்தான் கேட்டாள். நன்றாயிருக்கிறது, சீனி மட்டும் ஒரு கரண்டி குறைத்திருக்கலாம் என்று அவர் ஜெர்மனில் சொன்னார். அந்தச் சாடியில் சீனியே இல்லை, சீனி வருத்தக்காரருக்கு என்று தனியாக வைத்தது என்றாள் லூப்பே. பகிடி விடுகிறார் என்று எல்லோரும் சிரித்தார்கள். வதனி கைதட்டினாள். அவரும் சிரித்தார். நான் அதே சாடியில் வார்த்து ஒரு வாய் குடித்தேன். புளிப்பில் பல் கூசியது. அதைக் குடித்துவிட்டு ஒருவர் இனிப்பென்று சொல்ல ஏலாது.

மற்றவர்கள் முன்னால் போனபிறகு கடற்கரை மதிலில் அவரை இருத்திக் கேட்டேன். கடலைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

"கதிர் வைச்சதோட நாக்கு போயிட்டுது, வல்லி. மணம் கொஞ்சம் வருது. உப்பு, புளி, இனிப்பு ஒண்டும் இல்லை. கடதாசி சப்பிற மாதிரி. கை பழகின அளவில போடுறன்."

"வதனிக்குத் தெரியுமோ?"

"தெரிஞ்சா கலியாணத்துக்கு வெளியில ஓடர் குடுப்பாள். ஏற்கெனவே அந்தக் கதைதான். என்ர பிள்ளையின்ர பந்திக்கு வேற ஒருத்தன் சமைக்கிறதோ? முந்நூறு பேருக்கு நானே சமைக்கிறன் எண்டு வாக்குக் குடுத்திட்டன்." என் பக்கம் திரும்பி, "உம்மட நாக்கைத் தாரும்" என்றார்.

அதன்பிறகு அந்தத் தீவில் ஒவ்வொரு கடையிலும் நான்தான் முதலில் வாயில் வைத்தேன். சிவப்பு அரைப்புப் பூசி வாழையிலையில் சுற்றித் தணலில் சுட்ட மீன் வந்தது. "புளி" என்றேன். "என்ன புளி? நாக்கில எங்க தெரியுது, நுனியிலயோ பக்கத்திலயோ? கெதியில போகுதோ, நிக்குதோ?" எனக்கு அதுவரை சாப்பாடு என்றால் நல்லது, கூடாது என்று இரண்டு சொல்தான். "பக்கத்தில. நிக்குது. கடைசியில ஒரு கைப்பு" என்றேன். அவர் மணந்து பார்த்தார். "தேசிக்காயில்லை, புளித்தோடை." புளிப்பு ஆரஞ்சோ என்று அவர் ஜெர்மனில் கேட்க, அதேதான் என்று லூப்பே வியந்தாள். அண்ணை என் தொடையில் ஒரு தட்டுத் தட்டினார். அன்று முழுக்க அவர் முகம் இருந்த மாதிரி நான் பிறகு காணவில்லை. வதனி எங்களைப் படமெடுத்தாள். இரண்டு கிழவரும் குசுகுசுத்தபடி சாப்பிடுகிற படம்.

கலியாணத்தன்று அவர் சொன்னபடியே நடந்தது. அவர் போடுவார், நான் மண்டபத்திலிருந்து சமையலறைக்கு வந்து உள்ளங்கையில் விட்டுப் பார்ப்பேன். பருப்பு சரி, கத்தரிக்காய் சரி, பாயாசம் சரி. கடைசியில் சாம்பார் மட்டும் இருந்தது. இடையில் நான் வாசலுக்குப் போனேன். மாப்பிள்ளை வீட்டார் வந்திருந்தார்கள். வெற்றிலைத் தட்டத்தை நீட்டினார்கள். வெற்றிலை போட்டு எத்தனையோ வருடம். ஆசையில் எடுத்து, சுண்ணாம்பை அளவுக்கு மிஞ்சித் தடவிவிட்டேன். நாக்கு வெந்துபோனது. ஆள் அனுப்பி அண்ணை கூப்பிட்டார். சாம்பார் என் உள்ளங்கையில் இருந்தது. எனக்கு ஒன்றும் தெரியவில்லை. அதைச் சொல்லியிருக்கலாம். இந்த ஒரு நாளுக்கு என்னை நம்பிய மனிதரிடம் வெற்றிலை போட்டேன் என்று சொல்ல வெட்கமாக இருந்தது.

"உப்புக் காணாது" என்றேன். போட்டார். "இன்னும் காணாது" என்றேன். என்னை ஒருமுறை பார்த்தார். போட்டார்.

பந்தியில் யாரும் முகத்துக்கு நேரே சொல்லவில்லை. தண்ணீர்ப் போத்தல்கள் முடிந்தன. இலைகளில் சாம்பார் அப்படியே கிடந்தது. வதனி கூறைச் சேலையோடு சமையலறை வாசலில் வந்து நின்று, "வெளியில குடுப்பம் எண்டு நான் சொன்னனான் அல்லோ அப்பா" என்றாள். "பிழைச்சுப்போச்சு பிள்ளை. வயசு" என்றார் அவர். நான் பக்கத்தில் நின்றேன்.

சட்டி கழுவும்போது அவரிடம் சொன்னேன். "உம்மட வாய் சிவந்திருந்ததைக் கண்டனான். அப்பவே கேட்டிருக்க வேணும். அது என்ர பிழை" என்றார். "நான் எல்லாருக்கும் சொல்லுறன் அண்ணை" என்றேன். "சொன்னா என்ர நாக்கையும் எல்லோ சொல்ல வேணும். விடும்." அதற்குப் பிறகு அவரைச் சமைக்க ஒருவரும் கூப்பிடவில்லை. மூன்று வருடம். என் கடிதங்களை வழக்கம்போல வாசித்துச் சொன்னார். அந்தச் சாம்பாரைப் பற்றி இன்னொரு முறை கதைக்கவில்லை.

இதை மலருக்குக் கொடுக்க முன்னர் வதனிக்கு எல்லாவற்றையும் சொன்னேன். பிறகு, "அப்பா இருக்கேக்க ஏன் மாமா சொல்லேல்லை?" என்று கேட்டாள். "கலியாணத்துக்குப் பிறகு ஒருநாளும் நான் அவரைச் சமைச்சுத் தாங்கோ எண்டு கேக்கேல்லை. கேட்டா வெக்கப்படுவார் எண்டு நினைச்சனான்." ரெலிபோனை வைக்க முன்னர், "எழுதுங்கோ. ஒண்டையும் விடாதேங்கோ" என்றாள்.

எனக்கு அழுகை இன்னும் வரவில்லை. வரும்போது வரட்டும். குணம் அண்ணையிடமிருந்து நான் வைத்துக்கொள்வது ஒன்றுதான். கை போய்விட்டது என்று ஊர் சொன்ன சொல்லை அவர் எனக்காக மூன்று வருடம் சுமந்தார். அதை நான் எடுத்துக்கொள்கிறேன். இனி அந்தச் சாம்பாரைப் பற்றிக் கதைப்பவர்கள் வல்லிபுரம் என்று என் பேரைச் சொல்லிக் கதைக்கட்டும்.