வெள்ளிக்கிழமை முற்பகல்

ரெங்கநாயகி திருச்சியில் ஓர் அரசு அலுவலகத்தில் தற்காலிகத் தட்டச்சர். தற்காலிகம்தானே என்று சாதாரணமாக நினைத்துவிடக் கூடாது. அவள் சேர்ந்தபோது இருந்த டைப்ரைட்டர் காயலான் கடைக்குப் போய், அதற்குப் பிறகு வந்த கம்ப்யூட்டரும் போய்ச் சேர்ந்துவிட்டது. இவள் மட்டும் அசையாமல் தற்காலிகமாகவே இருந்தாள்.

எதற்கும் நேரம் பார்ப்பாள். ஸ்ரீரங்கத்தில் வீட்டை விட்டுக் கிளம்பும்போது காலண்டரைப் பார்க்காமல் செருப்பில் காலை நுழைக்கமாட்டாள். கணவர் சந்திரசேகருக்குப் பொன்மலை ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் வேலை. "எங்க சங்கு என்ன ராகுகாலம் பாத்தா ஊதுது?" என்று அவர் கேலி செய்வார். அவள் காதில் போட்டுக்கொண்டதே இல்லை.

பக்கத்து நாற்காலி ஹஃப்ஸா, தென்னூர்க்காரி. அவளும் தற்காலிகம்தான். இருவரும் ஒரே நாளில் சேர்ந்தவர்கள். வினையே அங்கேதான் ஆரம்பித்தது.

அது ஒரு வெள்ளிக்கிழமை. ரெங்கநாயகி முதல் ஆளாக வந்துவிட்டாள். ஆனால் அதிகாரி வந்து, பணியில் சேரும் கடிதத்தை நீட்டுவதற்குள் மணி பத்தரை ஆகிவிட்டது. வெள்ளிக்கிழமை பத்தரைக்கு ராகுகாலம் ஆரம்பம் என்பது பச்சைக் குழந்தைக்கும் தெரியும். ஆயுசுக்கும் நிலைக்க வேண்டிய கையெழுத்தை அந்த நேரத்தில் போடுவாளா? பன்னிரண்டு மணி தாண்டட்டும் என்று பெஞ்சில் உட்கார்ந்தாள். நடுவில் மூச்சிரைக்க ஓடிவந்தாள் ஹஃப்ஸா. அவசரத்தில் பேனாவை மறந்திருந்தாள். ரெங்கநாயகிதான் தன் பேனாவைக் கொடுத்தாள். அதே பேனாவால் ஹஃப்ஸா 'முற்பகல்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். ரெங்கநாயகி 'பிற்பகல்' ஆனாள்.

பல வருஷம் கழித்து ஒரே ஒரு நிரந்தர இடம் காலியானது. அது சீனியருக்கு. காகிதப்படி சீனியர் ஹஃப்ஸா. ரெங்கநாயகிக்கு வயிறு எரிந்தது. முதலில் வந்தது நான், பேனாவும் என்னுடையது என்று மதுரை ஹைகோர்ட் கிளையில் வழக்குப் போட்டுத் தடை வாங்கிவிட்டாள். இருவரும் பழையபடி தற்காலிகம்.

அதனால் பேச்சுவார்த்தை நின்றுபோயிருக்கும் என்று நினைக்க வேண்டாம். கோர்ட்டுக்குத் தனியாகப் போக இருவருக்குமே பயம். வாய்தா நாளில் ஒரே பஸ், பக்கத்துப் பக்கத்து சீட். ரெங்கநாயகியின் புளியோதரை விராலிமலை வருவதற்குள் ஹஃப்ஸாவின் வயிற்றுக்குப் போய்விடும். வழக்கைப் பற்றி மூச்சு விடமாட்டார்கள். சண்டையெல்லாம் ஜன்னல் சீட்டுக்குத்தான்.

"சீனியருக்குத்தான் ஜன்னல், அக்கா."

"தீர்ப்பு வரட்டும், அப்புறம் உக்காந்துக்கோ. இப்ப நகரு."

ஒத்தக்கடையில் இறங்கும்வரை ஒருத்தி, திரும்பும்போது இன்னொருத்தி என்று கடைசியில் சமாதானமாகும்.

வழக்கு இழுத்த இழுப்பில் இன்னோர் இடமும் காலியாகிவிட்டது. விஷயத்தைக் கேட்டு நீதிபதிக்கே சிரிப்பு வந்துவிட்டது. "அரசாங்க விதியில ராகுகாலம் கிடையாதும்மா" என்றார். இருவரும் பழைய தகராறை விட்டுவிடச் சம்மதித்தார்கள். இருவரையும் நிரந்தரமாக்க வேண்டும், புதிய ஆணையில் முதலில் கையெழுத்துப் போட்டுச் சேருபவரே சீனியர் என்று தீர்ப்பானது.

வேலை நிலைத்துவிட்டது, நிம்மதி. ஆனால் அடுத்து வரப்போகும் பதவி உயர்வு ஒன்றே ஒன்று, அதுவும் சீனியருக்கு. ஓய்வு பெறுவதற்குள் ஒருநாளாவது அசிஸ்டென்ட் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்துவிட வேண்டும் என்று ரெங்கநாயகிக்கு ஒரே ஆசை.

ஆணை வந்த நாளும் பாழாய்ப் போன ஒரு வெள்ளிக்கிழமைதான். அன்றும் அதிகாரி வந்தபோது மணி பத்தரைக்கு மேல். கடிதங்கள் இரண்டும் மேஜைமேல் இருந்தன. ஹஃப்ஸாவைக் காணோம். ரெங்கநாயகி கடிகாரத்தைப் பார்த்தாள், வாசலைப் பார்த்தாள். இப்போது ஓடிவருவாள், அன்றைக்குப் போலவே முந்திக்கொள்வாள். பெஞ்சில் உட்கார்ந்தாள், எழுந்தாள், மறுபடி உட்கார்ந்தாள். பதினொன்று அடித்ததும் பொறுமை போய்விட்டது.

"ரெங்கநாதா, கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் திரும்பிக்கோ" என்று முணுமுணுத்துவிட்டு, நல்ல ராகுகாலத்தில் கையெழுத்தைப் போட்டாள்.

பன்னிரண்டு அடித்த பிறகு ஹஃப்ஸா ஆடி அசைந்து வந்தாள். கையில் ஒரு டப்பா பால்கோவா.

"வாங்கக்கா, ராகுகாலம் முடிஞ்சிருச்சு. நீங்க போடுங்க."

"ஏன்டி இவ்வளவு லேட்டு?"

"நான் வந்துட்டா எனக்கும் கை சும்மா இருக்காதுக்கா. நீங்க பெஞ்சுல உக்காந்திருக்கறப்ப நான் போட்டுருவேன். அதான் வீட்டுலயே இருந்துட்டேன். இந்தத் தடவை நீங்க முதல்ல போடுங்க, நான் அப்புறமா போட்டுக்கறேன்."

ரெங்கநாயகிக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. இத்தனை வருஷம் கூடவே பஸ்ஸில் வந்தவளை இவ்வளவுதானா புரிந்துவைத்திருக்கிறோம் என்று இருந்தது.

"நான் போட்டுட்டேன்டி."

"எப்ப?"

"பதினோரு மணிக்கு."

ஹஃப்ஸா கடிதத்தைப் பார்த்தாள், அவள் முகத்தைப் பார்த்தாள். "யா அல்லாஹ்! நீங்களா? ராகுகாலத்துலயா?" என்று வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். சிரித்து முடித்துக் கைப்பையைத் துழாவினாள். இந்தத் தடவையும் பேனா இல்லை.

ரெங்கநாயகி தன் பேனாவை நீட்டினாள்.

"இனிமே எங்க போனாலும் ஜன்னல் சீட்டு உனக்குத்தான், ஹஃப்ஸா."

"சீனியர் சொன்னா கேட்டுக்கணும்" என்று சொல்லிக்கொண்டே ஹஃப்ஸா குனிந்து, 'பிற்பகல்' என்று எழுதினாள்.