மூன்று நாள் மண், ஒரு நாள் நான்

சரோஜினி காலமான செய்தியை அவர் மகன் சோலூரிலிருந்து கூப்பிட்டுச் சொன்னார். குன்னூரில் எங்கள் ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் படித்த உங்களில் பலருக்கு அவர் அலுவலக ஜன்னலுக்குப் பின்னே டைப் அடித்துக்கொண்டிருந்த அம்மா. அப்போது முதல்வராக இருந்தவன் என்பதால் அவரைப் பற்றி இன்னொன்றும் எனக்குத் தெரியும்.

ஒரு வருடம், ஆசிரியர் கல்வியை ஒழுங்குபடுத்தும் அமைப்புக்கு அங்கீகார விண்ணப்பம் அனுப்ப வேண்டியிருந்தது. அங்கீகாரம் இல்லையென்றால் அந்த வருடம் சேர்ந்திருந்த எஸ்டேட் பெண்கள் பரீட்சை எழுத முடியாது. திங்கட்கிழமை தபாலில் சேர்க்க வேண்டிய உறையை, ஒரு வகுப்பறையின் நீளத்தைத் தவறாக அடித்துவிட்டதைப் பார்த்து, சரோஜினி திருத்துவதற்காக ஒரு நாள் நிறுத்திவைத்தார். மறுநாள் மலைப்பாதையில் மண் சரிந்தது. மூன்று நாள் எந்த வண்டியும் கீழே இறங்கவில்லை. விண்ணப்பம் கெடுவுக்கு நான்கு நாள் பிந்திப் போய்ச் சேர்ந்தது.

ஐந்து மாதம் கழித்து உறை பிரிக்கப்படாமலே திரும்பி வந்தது. மேலே, காலம் கடந்தது என்று ஒரு முத்திரை. ஆத்திரத்தில் கிழிக்கப் போனேன்.

"அவங்க பிரிக்கலீங்க சார். நாமளும் பிரிக்க வேண்டாமுங்க" என்று சரோஜினி அதை வாங்கி பீரோவில் வைத்தார்.

உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டோம். நான்கு நாள் தாமதமும் மண்சரிவால்தான் என்று வக்கீல் எழுதியிருந்தார். நான் கையெழுத்துப் போடத் தயாராகத்தான் இருந்தேன். சரோஜினி குறுக்கிட்டார்.

"மூணு நாள் மண்ணுங்க. ஒரு நாள் நானுங்க."

"இதை எழுதினா கேஸ் நிக்காதும்மா" என்றார் வக்கீல்.

"அப்படித்தானுங்களே நடந்துச்சு. வேறென்னத்தை எழுதறது?"

அப்படியே எழுதினோம். விசாரணையன்று எதிர்த்தரப்பு வக்கீல் அந்த வரியைத்தான் முதலில் படித்தார். தவறை அவர்களே ஒப்புக்கொள்கிறார்கள் என்றார். அந்தப் பெண்களின் முகங்கள் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன. நான் தலை நிமிரவில்லை.

நீதிபதி உறையை வாங்கிப் பார்த்தார். ஒட்டியது ஒட்டியபடி இருந்தது. பெற்ற தேதி, திருப்பிய தேதி, இரண்டும் மேலே தெளிவாக இருந்தன. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த சரோஜினியைத் தமிழிலேயே கேட்டார்: "அந்த ஒரு நாள் என்னம்மா செஞ்சீங்க?"

"ரூம் நீளத்தைத் தப்பா அடிச்சுட்டேனுங்க. திருத்தினேனுங்க."

நீதிபதி எதிர்த்தரப்பைப் பார்த்தார். "தப்பைத் திருத்த இவங்களுக்கு ஒரு நாள். கவரைப் பிரிக்காம வெச்சிருக்க உங்களுக்கு அஞ்சு மாசமா?"

தாமதத்தை மன்னித்து, ஆறு வாரத்துக்குள் விண்ணப்பத்தைப் பரிசீலிக்கும்படி உத்தரவானது.

"ஜெயிச்சுட்டோம்மா" என்றேன், திரும்பும்போது பஸ்ஸில்.

"பாக்கச் சொல்லியிருக்காங்க, அவ்வளவுதானுங்க சார். போனதும் அந்த ரூமை இன்னொருக்கா அளந்துடலாமுங்க."

அளந்தோம். ஆய்வுக்கு வந்தவர்களும் அளந்தார்கள். அங்கீகாரம் வந்தது, பெண்கள் பரீட்சை எழுதினார்கள். நாற்பது வருடம் பாடம் நடத்தியவன் நான். அந்த அம்மாவின் பக்கத்தில் உட்காரக் கிடைத்ததை இன்றும் மலைப்போடுதான் நினைக்கிறேன்.

போன வாரம் ஓய்வூதியத்துக்கான என் வாழ்நாள் சான்றைக் கருவூலத்துக்குத் தாமதமாகக் கொண்டுபோனேன். காரணம் எழுதச் சொன்னார்கள். உடல்நலக் குறைவு என்று எழுதினால் யாரும் கேட்கப் போவதில்லை. மறந்துவிட்டேன் என்று எழுதினேன்.

"இப்படி யாரும் எழுத மாட்டாங்களே சார்" என்று சிரித்தார் அங்கிருந்த பெண்.

"ஒருத்தர் எழுதினாங்க" என்றேன்.